மேற்படி பக்கம்

நர்ஸ் ஊதா மையால் வலது முழங்காலில் அம்புக்குறி போட்டபோது, இடது முழங்கால் பக்கத்திலேயே பூசணிப் பிஞ்சு மாதிரி உப்பி உட்கார்ந்து வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தது.

"ஏம்மா, உங்களுக்குக் கண்ணு நல்லாத் தெரியுமில்ல?"

"தெரியும்மா."

"வீங்கியிருக்கறது எந்தக் கால்?"

"இடது."

"அம்பு போட்டிருக்கறது?"

"வலது. ஃபைல்ல வலதுன்னுதான் இருக்கு. இந்த மாசத்துலேருந்து புதுச் சட்டம். அம்பு போடறது ஃபைலைப் பாத்துத்தான். காலைப் பாத்துப் போடக் கூடாது."

"காலு என்கிட்ட இருக்கு. ஃபைல் எங்க இருக்கு?"

"அது கம்ப்யூட்டர்ல இருக்கும்மா."

"அப்ப ஆபரேஷனை அங்கயே பண்ணிக்கச் சொல்லுங்க."

கட்டிலில் கால் நீட்டிக் கிடந்தவள் பஸ் ஓட்டுநர். எதிரே லாரி வந்தாலும் ஹாரனைத் தொடாமல் வெறும் பார்வையாலேயே ஓரங்கட்ட வைக்கிறவள். இந்த உரையாடல் மொத்தத்தையும் அவளுடைய அண்ணி ஃபோனில் கேட்டுக்கொண்டிருந்தாள். ஸ்பீக்கரைப் போட்டுத் தலையணைமேல் வைத்துவிட்டுத்தான் நாத்தனார் சண்டையையே ஆரம்பித்திருந்தாள்.

"கேட்டீங்களா அண்ணி? உங்க ஆபீஸ்காரங்க என் காலை மாத்திட்டாங்க. நீங்க மேல வர்றீங்களா, நான் நொண்டிக்கிட்டே கீழ வரட்டுமா? வந்தா சும்மா வரமாட்டேன்."

அண்ணிக்கு வியர்த்தது. அவள் அப்போது அதே மருத்துவமனையின் அடித்தளத்தில், சலவைப் பகுதிக்கும் ஜெனரேட்டர் அறைக்கும் நடுவில் இருக்கும் கோடிங் பிரிவில் உட்கார்ந்திருந்தாள். ஒரு சுவர் சோப்பு வாசனை, மறுசுவர் டீசல் வாசனை. மேலே டாக்டர்கள் கிறுக்குவதை எல்லாம் எண்களாக மாற்றுவது கீழே இவர்களுடைய வேலை. மனிதன் படுகிற பாட்டுக்கெல்லாம் அங்கே எண் உண்டு. ஏணியிலிருந்து விழுந்தால் ஓர் எண், விழப் பார்த்துப் பிழைத்தால் வேறோர் எண். காப்பீட்டு நிறுவனம் எண்ணைத்தான் படிக்கும். ஆளைப் படிக்கிற வழக்கம் அதற்குக் கிடையாது.

முழங்கால் மூட்டுக்குள்ளே ஓர் உட்சவ்வு இருக்கிறது. மெல்லிசான சமாச்சாரம். சிலருக்கு அது காரணமில்லாமல் தடித்து, கிணற்றுப் பாசி மாதிரி குஞ்சம் குஞ்சமாக வளர்ந்து, உள்ளுக்குள் ரத்தம் கசிந்து, பழுப்பேறிப்போகும். விட்டு வைத்தால் பக்கத்து எலும்பைத் தின்னும். அந்த நோய்க்கும் ஓர் எண் இருக்கிறது. அதன் கடைசி இலக்கம்தான் பக்கத்தைச் சொல்லும். ஒன்று போட்டால் வலது, இரண்டு போட்டால் இடது, ஒன்பது போட்டால் 'தெரியவில்லை'. ஒன்பதைக் கண்டாலே காப்பீட்டு நிறுவனத்துக்கு ஆகாது. போன வேகத்தில் ஃபைல் திரும்பி வரும்.

டாக்டர் பக்கம் எழுதாமல் விட்டால் என்ன செய்வது? அவருக்குக் கேள்வி அனுப்ப வேண்டும். அவர் மனது வைத்துப் பதில் போடும் வரை ஃபைல் சிவப்பாகக் கிடக்கும். பிரிவின் சுவரில் பெரிய டிவி ஒன்று மாட்டியிருந்தார்கள். அதில் சினிமா ஓடாது. யார் எவ்வளவு வேகம் என்ற பட்டியல்தான் நாள் முழுக்க ஓடும். அந்த டிவிக்கு முன்னால் பக்தன் மாதிரி நின்றுகொண்டே இருப்பதால் பிரிவுத் தலைவருக்கு மீட்டர் என்று பெயர்.

எலும்பு டாக்டருக்கும் ஒரு பெயர் இருந்தது. கை தங்கமான கை, எழுத்துதான் கஞ்சம். "முழங்கால் வீக்கம், மேற்படி பக்கம்" என்று எழுதிக் கையெழுத்தை இழுத்துவிடுவார். மேற்படி என்றால் போன தடவை எழுதியது. போன தடவையைப் புரட்டினால் அங்கேயும் மேற்படிதான் இருக்கும். ஆகவே அவர் மேற்படி டாக்டர்.

இந்த மேற்படிகள் குவிந்து டிவி முழுக்கச் சிவப்பான ஒரு நாளில் மீட்டர் தீர்ப்புச் சொன்னார்.

"பக்கம் எழுதலையா? ஒண்ணு போட்டுத் தள்ளுங்க. தற்காலிகம்தான்."

"ஏன் சார் ஒண்ணு?" என்று ஒருத்தி மட்டும் கேட்டாள்.

"கீபோர்டுல அதுதானே முதல்ல இருக்கு?"

அந்தத் தற்காலிகம் பிறந்து, தவழ்ந்து, இப்போது பள்ளிக்கூடம் போகிற வயதாகிவிட்டது. கேட்டவள் நம் அண்ணிதான். அன்றிலிருந்து அவளுக்குக் கேள்விக்குறி என்ற பெயர் நிலைத்துவிட்டது. பிரிவில் அவள் ஒருத்திதான் இன்னமும் டாக்டர்களுக்குக் கேள்வி அனுப்பிக்கொண்டிருந்தாள். டிவியில் அவள் பெயர் அடிமட்டத்தில், பார்ப்பவர் குனிந்து தேட வேண்டிய இடத்தில் கிடந்தது. அவளைப் பெண் அரிச்சந்திரன் என்று நினைத்துவிட வேண்டாம். தெரியாததைத் தெரிந்த மாதிரி எழுதினால் அன்றைக்கு முழுக்க அவளுக்கு நெஞ்செரியும், அவ்வளவுதான். தவிர, மீட்டர் சொன்னதைச் செய்யாமல் இருப்பதில் ஒரு தனி ருசி இருந்தது.

இதுவரை இதனால் யாருடைய காலும் கெடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். டாக்டர் வலிக்கிற காலை அறுப்பார். ஃபைல் தன் பாட்டுக்கு வலது என்று சொல்லிக்கொண்டிருக்கும். மாமியாரும் மருமகளும் பேசிக்கொள்ளாத வீடு மாதிரி இரண்டும் ஒரே கூரையின் கீழ் காலம் தள்ளின. இந்த மாதம்தான் யாரோ ஒரு புத்திசாலி ஆபரேஷன் தியேட்டரையும் ஃபைலையும் காப்பீட்டையும் ஒரே கம்பியில் கோத்துவிட்டார்.

அதற்கு முன்பே இயக்குநர் ஒன்றைக் கண்டுபிடித்திருந்தார்.

மருத்துவமனை இயக்குநர் எண்களில் உண்மையைத் தேடுகிறவர். ஒரு நாள் முழங்கால் கணக்கைப் பார்த்தவர் நாற்காலியை விட்டு எழுந்தே விட்டாராம். எங்கே பார்த்தாலும் வலது! உடனே கூட்டம் கூட்டினார். மக்கள் படியேறுவது, பாரம் தூக்குவது, கோபத்தில் கதவை உதைப்பது எல்லாம் வலது காலால்தான் என்றும், நாகரிகம் முன்னேற முன்னேற வலது முழங்கால் பின்தங்குகிறது என்றும் படம் போட்டு விளக்கினார். கோடிங் பிரிவு முழுக்கப் பின்வரிசையில் உட்கார்ந்து கேட்டது. யாரும் சிரிக்கவில்லை. சிரிப்புக்கு அந்தக் கூட்டத்தில் குறியீடு கிடையாது. மீட்டர் மட்டும் பேனா மூடியைக் கழற்றிக் கழற்றி மாட்டிக்கொண்டிருந்தார்.

விளைவு, மூன்றாவது மாடியில் 'வலது முழங்கால் சிறப்புப் பிரிவு'. பொன்னெழுத்துப் பலகை. அன்றைக்குத்தான் திறப்பு விழா. காப்பீட்டு நிறுவனத்திலிருந்தே மேலதிகாரி அம்மாள் ஒருவர் நேரில் வந்து பார்த்துப் பெரிய ஒப்பந்தம் ஒன்றில் கையெழுத்துப் போடப்போகிறார். அவருக்குக் காட்டுவதற்காக வைத்திருந்த முதல் வலது முழங்காலின் சொந்தக்காரிதான் நம் ஓட்டுநர்.

சொந்தக்காரர்களின் ஃபைலை யாரும் தொடக் கூடாது என்பது கோடிங் பிரிவின் சட்டம். அதனால் நாத்தனாரின் ஃபைல் பக்கத்து நாற்காலிக்குப் போயிருந்தது. அங்கே இருந்தது புதுமாப்பிள்ளை. கல்யாணமாகி மூன்று மாதம், வேலைக்குச் சேர்ந்து நான்கு மாதம், இன்னும் நிரந்தரமாகவில்லை. ஐந்து மணி ஆனால் அவன் உடம்பு மட்டும்தான் நாற்காலியில் இருக்கும். மேற்படி என்று பார்த்தான், வழக்கப்படி ஒன்று போட்டான், வீட்டுக்குப் போனான்.

"அக்கா, சத்தியமா உங்க நாத்தனார்னு எனக்குத் தெரியாது," என்றான் இப்போது.

"தெரிஞ்சிருந்தா மட்டும் ரெண்டு போட்டிருப்பியாக்கும்," என்று சொல்லிவிட்டுக் கேள்விக்குறி மாடியேறினாள்.

மேற்படி டாக்டர் வராந்தாவில் கை கழுவிக்கொண்டிருந்தார்.

"எனக்குத் தெரியாதாம்மா? ஊசி குத்தி நீர் எடுத்ததே நான். காபி டிகாக்‌ஷன் மாதிரி வந்துச்சு. இடதுதான்."

"அதை எழுதியிருக்கலாமே சார்?"

"எழுதியிருக்கேனே. மேற்படின்னு."

"மேற்படின்னா?"

"முன்னாடி எழுதினது."

"முன்னாடியும் மேற்படின்னுதான் சார் இருக்கு. அதுக்கு முன்னாடியும்."

வீட்டு வாசலில் நின்று பையைத் தடவிச் சாவி இல்லை என்று தெரிந்துகொண்டவர் மாதிரி டாக்டர் விழித்தார். "சரி, இப்ப எழுதிடறேன்."

"கீழேருந்து கேள்வி வந்தாத்தான் உங்களால பதில் எழுத முடியும். காப்பீட்டு அனுமதி வந்ததும் ஃபைல் பூட்டிக்கும். அதுல கேள்வி அனுப்பணும்னா மீட்டர் பூட்டைத் திறக்கணும்."

"அப்ப திறக்கச் சொல்லுங்க. எனக்கு ஃபைல் இடதுன்னு சொல்லாம இடதைத் திறக்க முடியாது. வலதை நான் தொட மாட்டேன். இன்னிக்கு லிஸ்ட்டுல விட்டா அடுத்து ரெண்டு மாசம் கழிச்சுத்தான் இடம்."

"ரெண்டு மாசம் பொறுத்தா?"

டாக்டர் கையை உதறினார். "அந்தச் சவ்வு ஏற்கெனவே எலும்பைக் கொறிக்க ஆரம்பிச்சிருக்கு. இப்பன்னா சவ்வை மட்டும் சுரண்டி எடுத்துடுவேன். ரெண்டு மாசம்னா மூட்டையே மாத்த வேண்டி வரலாம்."

"மாத்தினா திரும்ப பஸ் ஓட்டலாமா சார்?"

அவர் துண்டால் கையைத் துடைத்தார், விரல் விரலாக. "கிளட்ச் மிதிக்கிற கால் ஆச்சேம்மா. கஷ்டம்தான்," என்றார்.

நாத்தனார் மூன்று மாதமாக பஸ்ஸைத் தொடவில்லை. டிப்போவில் தொலைந்த பொருள் அறையில் உட்கார வைத்திருந்தார்கள். யாரோ விட்டுப்போன குடைகளுக்குச் சீட்டு ஒட்டுகிற வேலை. "அண்ணி, நானும் ஒரு தொலைஞ்ச பொருள்தான்னு ஒரு சீட்டு என் மேலயும் ஒட்டிட்டாங்க," என்று ஒரு நாள் சிரித்தாள். அவள் சிரித்துக்கொண்டே சொன்னதுதான் அண்ணிக்கு அன்று இரவு சோறு இறங்காமல் செய்தது. சும்மாவே இரண்டு பேருக்கும் ஆகாது. உப்புக்கும் சண்டை, ரிமோட்டுக்கும் சண்டை. ஆனால் சண்டைக்கு நின்றால்தானே சண்டை? குடைகளுக்கு நடுவில் உட்கார்ந்திருக்கிறவளோடு எப்படிச் சண்டை போடுவது?

மீட்டரைத் தேடிப் போனால் அவர் இயக்குநர் அறையில் இருந்தார். இயக்குநர் கண்ணாடி முன் நின்று விழாப் பேச்சை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார். "ஒரு சமுதாயத்தின் முதல் அடி..." என்று கையை உயர்த்தியவர் இவளைப் பார்த்ததும் கையை என்ன செய்வதென்று தெரியாமல் தலையைக் கோதிக்கொண்டார்.

விஷயத்தைக் கேட்டதும் முகத்தில் பெரிய கனிவு வந்தது. கனிவைப் பார்த்ததும் கேள்விக்குறி ஓரடி பின்வாங்கினாள்.

"இதை ஓர் அமைப்பு ரீதியான பிரச்சினையாகப் பார்க்கக் கூடாதும்மா. இது ஒரு மனித நிகழ்வு. தனியொரு மனித நிகழ்வு."

மீட்டர் ஒரு காகிதத்தை நீட்டினார். ஏற்கெனவே அடித்து வைத்திருந்தார்கள். 'என் தனிப்பட்ட கவனக்குறைவால் ஒரே ஒரு கோப்பில் பக்கம் மாறிவிட்டது. மற்ற முழங்கால் கோப்புகள் அனைத்தும் சரியாக உள்ளன என்று உறுதி கூறுகிறேன்.' கீழே கையெழுத்துக்கு இடம்.

"நான் அந்த ஃபைலைத் தொடவே இல்லையே சார்."

"அதனாலதான் நீங்க போடறது பொருத்தம்," என்றார் மீட்டர். "சொந்தக்காரங்க பாசத்துல குழப்பிட்டாங்கன்னா யாரும் தப்பா எடுத்துக்க மாட்டாங்க. இல்லாட்டி அந்தப் பையன் பேர்லதான் போகும். அவனுக்கு இன்னும் வேலை நிரந்தரமாகலை. உங்களுக்கே தெரியும்."

"கையெழுத்துப் போட்டா?"

"பத்து நிமிஷத்துல இடது."

"போடாட்டி?"

இயக்குநர் கடிகாரத்தைப் பார்த்தார். "விருந்தினர் வந்துகொண்டிருக்கிறார். விழா நடக்கும் நேரத்தில் கோப்புகளைத் திறப்பது... பார்வைக்கு நன்றாக இருக்காது."

கேள்விக்குறி காகிதத்தை வாங்கிக்கொண்டாள். யோசித்துச் சொல்கிறேன் என்று சொன்னாள். உண்மையில் யோசிக்க ஒன்றுமில்லை. போட்டுவிடுவது என்று படியிறங்கும்போதே முடிவு செய்துவிட்டாள். பேனாவைக்கூடக் கையில் எடுத்துக்கொண்டாள்.

"என்ன அண்ணி, முகம் பஞ்சராயிருக்கு?" என்றாள் ஓட்டுநர், வார்டுக்குள் நுழைந்தவளைப் பார்த்து.

சொன்னாள். நாத்தனார் காகிதத்தைப் பிடுங்கிப் படித்தாள். படித்துவிட்டுப் பக்கத்துக் கட்டிலைப் பார்த்தாள். அங்கே சுண்ணாம்பு அடிக்கிற பெயின்டர் ஒருவர் வலது முழங்காலில் அம்போடு படுத்திருந்தார்.

"மத்த ஃபைல் எல்லாம் சரியாம். அண்ணே, உங்களுக்கு எந்தக் கால்?"

"இடது தாயி. ஏணியில நின்னு நின்னு."

"அம்பு வலதுல இருக்கே? நீங்க ஒண்ணும் கேக்கலையா?"

பெயின்டர் கூச்சத்தோடு சிரித்தார். "பெரிய ஆஸ்பத்திரி. வலதைச் சரி பண்ணினா இடது தானா சரியாகும் போலன்னு நினைச்சேன். வயரிங் மாதிரி."

கேள்விக்குறி குரலைத் தாழ்த்தினாள். "இங்க பாருடி. அவரை அப்புறம் பாத்துக்கலாம். என் பேரு கெட்டா கெட்டுட்டுப் போகுது. இன்னிக்கு விட்டா உன் கால் போயிடும். நான் கையெழுத்துப் போடறேன்."

"அண்ணி, நீங்க எங்க வீட்டுக்கு வந்ததுலேருந்து நான் சொன்ன ஒரு வார்த்தையாவது கேட்டிருக்கீங்களா?"

"இல்ல."

"இப்பவும் கேக்க வேணாம். ஆனா அந்த மீட்டர் சொல்றதையும் கேக்காதீங்க."

"கால் போனா கிளட்ச் எப்படிடி மிதிப்ப?"

"எனக்கு என்ன பைத்தியமா, கால் வேணாம்னு சொல்ல? இந்தக் கால் எனக்கு வேணும். இது இல்லாட்டி குடைக்குச் சீட்டு ஒட்டித்தான் சாகணும். ஆனா நீங்க பொய்க் கையெழுத்துப் போட்டு வாங்கிக் குடுத்த காலுன்னு வைங்க, நான் ஒவ்வொரு தடவை கிளட்ச் மிதிக்கும்போதும் 'என்னாலதான், என்னாலதான்'னு நீங்க சொல்லிக் காட்டுவீங்க. ஆயுசுக்கும். அதுக்கு நான் நொண்டிக்கிட்டே போயிடுவேன்."

கேள்விக்குறிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரிப்போடு வேறு ஏதோவும் வந்து கண்ணில் நின்றது. அதை அவள் தூசி என்று சொல்லிக்கொண்டாள். நாத்தனார் சொன்னது பொய்யுமில்லை. நிச்சயம் சொல்லிக் காட்டியிருப்பாள்.

மின்விசிறி மெதுவாகச் சுற்றிக்கொண்டிருந்தது. இயக்குநரின் காகிதம் நல்ல கனமான காகிதம். கேள்விக்குறி அதை இரண்டாக மடித்து நாத்தனாருக்கு விசிற ஆரம்பித்தாள்.

"வர்றவங்க காப்பீட்டுக்காரங்கதானே?" என்றாள் ஓட்டுநர், காற்றை வாங்கிக்கொண்டே.

"ஆமா. அனுமதி குடுக்கறதே அந்தம்மா ஆபீஸ்தான்."

"அப்ப நாம மேலயும் கீழயும் எதுக்கு ஓடறோம்? அவங்களே இங்க வர்றாங்க." ஓட்டுநர் முழங்கையை ஊன்றி எழுந்து உட்கார்ந்தாள். நெரிசலான பஸ்ஸில் கடைசி சீட் வரை கேட்கிற அந்தக் குரலை எடுத்தாள். "எல்லாரும் கொஞ்சம் கேளுங்க! யாருக்கு எந்தக் கால் வலிக்குதோ அந்தக் காலைத் துணியை ஏத்தி வெளிய வைங்க. இடதுன்னா இடது. வலதுன்னா வலது. பொய் வேணாம். பொய் எழுதறதுக்குக் கீழ சம்பளத்துக்கு ஆள் இருக்கு."

"அந்த ஆளுங்கள்ல நானும் ஒருத்திடி."

"தெரிஞ்சுதான் சொன்னேன்."

கேள்விக்குறி கட்டில் கட்டிலாகப் போனாள். சங்கடப்பட்டவர்களுக்குப் போர்வையை மடித்து வைத்துக் கொடுத்தாள். கீழே திரையில் கேட்கிற கேள்வியையே இங்கே வாயால் கேட்டாள்: "எந்தப் பக்கம்?" யாரும் யோசிக்கவில்லை. யாருமே மேற்படி என்று சொல்லவில்லை. நர்ஸ் மட்டும் கதவோரம் நின்று, "எனக்கு எதுவும் தெரியாது, நான் பாக்கவே இல்ல," என்று சொல்லிக்கொண்டே ஒரு தாத்தாவின் வேட்டியை இடது பக்கம் ஏற்றிவிட்டாள்.

வெளியே கைதட்டல் கேட்டது. ரிப்பன் வெட்டியாயிற்று. இயக்குநரின் குரல் வராந்தாவில் முன்னால் வந்தது, அவர் பின்னால் வந்தார். "...இதோ, நம் வலது முழங்கால்கள்!"

வார்டில் ஏறக்குறைய எல்லாக் கட்டில்களிலும் இடது முழங்கால்கள் வீங்கிக் கிடந்தன. நடுவில் இரண்டே இரண்டு வலது, தவறான கல்யாணத்துக்கு வந்துவிட்ட விருந்தாளிகள் மாதிரி.

காப்பீட்டு அம்மாள் மூக்குக்கண்ணாடியைச் சங்கிலியில் தொங்கவிட்டிருந்தார். எடுத்து மாட்டிக்கொண்டார். "ஏன் எல்லாரும் இந்தக் காலைக் காட்டறாங்க?"

"ஒப்பீட்டுக்காக, மேடம்," என்றார் இயக்குநர், கண் இமைக்காமல். "ஆரோக்கியமான கால்."

"இதுவா?" என்றார் பெயின்டர். "வந்து ஒரு அமுக்கு அமுக்கிப் பாருங்க சார். நான் கத்தறது உங்க வீடு வரைக்கும் கேக்கும்."

கேள்விக்குறி முன்னால் வந்தாள். கையில் விசிறி.

"மேடம், நான் கீழ கோடிங்ல இருக்கேன். டாக்டர் பக்கம் எழுதாத முழங்காலுக்கெல்லாம் வலதுன்னு போடறது எங்க பிரிவு வழக்கம். கேக்க நேரமில்லைன்னு அப்படி வச்சிருக்காங்க. இந்த ஊர்ல யாருக்கும் வலது கால் தனியா கெடலை. நாங்க கெடுத்தோம்."

"தற்காலிகம்தான் மேடம்," என்றார் மீட்டர்.

"எப்பலேருந்து?"

மீட்டர் பேனா மூடியைக் கழற்றினார். மாட்டினார்.

"இவர் மனநிலை சரியில்லை, மேடம். நாத்தனாருக்கு ஆபரேஷன். உணர்ச்சிவசப்பட்டிருக்கிறார்," என்றார் இயக்குநர். வாசலில் மேற்படி டாக்டர் தலை தெரிந்தது. "டாக்டர், நீங்களே சொல்லுங்கள்."

டாக்டர் சுற்றிப் பார்த்தார். அவர் குத்திய முழங்கால்கள், அவர் நீர் எடுத்த முழங்கால்கள், எல்லாம் அவரையே பார்த்துக்கொண்டிருந்தன.

"சொல்றதுக்கு என்ன இருக்கு? நான் எழுதலை. இவங்க கேட்டுக் கேட்டு அனுப்பினாங்க, நான் பதில் போடலை. கத்தி என் கையில இருக்கு. வலிக்காத காலை நான் திறக்க மாட்டேன். போர்டுல என்ன வேணா எழுதிக்கங்க."



காப்பீட்டு அம்மாளின் முகத்தில் ஏதோ மாறியது. அதைக் கருணை என்று எழுத எனக்கும் ஆசைதான். ஆனால் அது, கடைக்காரர் எடை போட்டபோது தராசில் கட்டைவிரல் இருந்தது என்று வீட்டுக்கு வந்தபின் தெரிந்துகொண்டவர் முகம். "அப்ப நாங்க இத்தனை காலமா அனுமதி குடுத்த வலது கால் எல்லாம்?" என்றார் மெதுவாக. "பக்கம் எழுதாத முழங்கால் ஃபைல் அத்தனையும் திறங்க. இப்பவே. பதில் வர்ற வரைக்கும் ஒப்பந்தத்தைப் பத்திப் பேச வேணாம்."

"மேடம், முதல்ல என் ஃபைல்," என்றாள் ஓட்டுநர். "உங்க அதிர்ச்சியெல்லாம் அப்புறம். எனக்குத் தியேட்டர்ல இடம் காத்துக்கிட்டிருக்கு."

அடித்தளத்தில் மீட்டர் பூட்டுகளைத் திறந்தார். திறக்கத் திறக்க டிவி சிவந்தது. ஒவ்வொரு பெயராகச் சரிந்து கேள்விக்குறியின் பெயருக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தது. வெகுகாலமாக அந்த மூலையில் தனியாகக் கிடந்தவளுக்குத் திடீரென்று நல்ல துணை. மேலே டாக்டரின் ஃபோன் விடாமல் கத்தியது. அவர் முதல் பதில் வந்தது. ஒரே சொல்: இடது.

நாத்தனாரின் ஃபைலைக் கேள்விக்குறி தொடக் கூடாது. புதுமாப்பிள்ளை தொட்டான். விரல் ஒன்றுக்கும் இரண்டுக்கும் நடுவில் நின்றது.

"அக்கா, ரெண்டு போடட்டா?"

"டாக்டர் என்ன எழுதியிருக்கார்?"

"இடதுன்னு."

"அப்புறம் என்னைக் கேக்கறே? தைரியமாப் போடுடா."

போட்டான். காப்பீட்டு அம்மாள் மேலே நின்றுகொண்டே ஃபோனில் யாரையோ விரட்ட, டீ ஆறுவதற்குள் அனுமதி வந்தது. இத்தனை நாளும் அனுமதிக்கு ஒரு வாரம் ஏன் ஆனது என்ற கேள்வியைக் கேள்விக்குறி இன்னொரு நாளுக்கு எடுத்து வைத்துக்கொண்டாள்.

தியேட்டர் வாசலில் நர்ஸ் புது அம்பு போட வந்தாள். ஓட்டுநர் கையை நீட்டிப் பேனாவை வாங்கிக்கொண்டாள். இடது முழங்காலில் தானே அம்பு போட்டாள். பிறகு வலது முழங்காலில், பழைய அம்பின் மேல், பஸ் முகப்பில் ஊர்ப் பெயர் எழுதுகிற மாதிரி கொட்டை எழுத்தில் 'இது இல்லை' என்று எழுதினாள். பேனாவைப் பெயின்டரிடம் தூக்கிப் போட்டாள்.

சாயங்காலம் நாத்தனார் மயக்கம் தெளிந்து கண் திறந்தபோது அண்ணி பக்கத்தில் உட்கார்ந்து ஏதோ காகிதத்தைப் படித்துக்கொண்டிருந்தாள்.

"எந்தக் கால்?" என்றாள் நாத்தனார், நாக்குக் குழற.

"இடது. சவ்வை மட்டும்தான் எடுத்தாராம். மூட்டு தப்பிச்சது. கொஞ்ச நாள்ல கிளட்ச் மிதிக்கலாம்னு சொன்னார்."

"எழுதிக் குடுத்தாரா?"

"முழுசா எழுதிக் குடுத்தார். இடதுன்னு மூணு இடத்துல."

நாத்தனார் சிரிக்கப் பார்த்தாள், வலித்தது. "கையில என்ன?"

"விருந்தினர் முன்னாடி ஒழுங்கீனமா நடந்துக்கிட்டேனாம். விளக்கம் கேட்டிருக்காங்க. வேலையை விட்டுத் தூக்கினாலும் தூக்குவாங்களாம்."

"குடுக்கப் போறீங்களா?"

"எந்த ஒழுங்கீனம்னு குறிப்பிடலை. விவரம் இல்லாத ஃபைலுக்கு நான் பதில் போடறதில்ல." அண்ணி பேனாவை எடுத்து மேலே பெரிதாக ஒரு கேள்விக்குறி போட்டாள். "கேள்வி அனுப்பப் போறேன். அவங்க பதில் போடற வரைக்கும் சிவப்பாக் கிடக்கட்டும்."

"அண்ணி."

"என்ன?"

"நாளைக்கு வரும்போது உப்புக் கொஞ்சம் தூக்கலாப் போட்டுக் கஞ்சி கொண்டு வாங்க. நீங்க வைக்கறது வாயில வைக்க முடியாது."

"வேணும்னா நீயே எந்திரிச்சு வந்து போட்டுக்க."

வாசலில் சக்கரக் கட்டில் ஒன்று போனது. பெயின்டர் தியேட்டருக்குப் போய்க்கொண்டிருந்தார். வலது முழங்காலில் 'இது இல்லை' என்று எழுதியிருந்தது. தொழில்காரர் இல்லையா, ஓரத்தில் ஒரு கோடு இழுத்து அழகாகவே எழுதியிருந்தார்.